பொடி எழுத்தில் ஒரு பெயர்

போன ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் ஒரு அப்பா படாதபாடு பட்டதைப் பார்த்தேன்.

எங்கள் கோவிலம்பாக்கத்தில் மேடவாக்கம் மெயின் ரோட்டை விட்டு உள்ளே திரும்பினால், வரிசையாக அடுக்குமாடிக் குடியிருப்புகள். எங்கள் ஃபிளாட்டின் பின்பக்கம், கார் நிறுத்துமிடத்துக்கும் தண்ணீர்த் தொட்டிக்கும் நடுவே ஒரு கூடைப்பந்துக் கம்பம் உண்டு. வளையம் இருக்கிறது, வலை கிடையாது. அந்த வளையத்தை நோக்கி ஏழெட்டுப் பையன்கள் தினமும் குதித்துக்கொண்டே இருப்பார்கள்.

அதில் ஒரு பையனின் அப்பாதான் நம் ஆள். மகன் எம்பிக் குதித்துப் பந்து போடுவதைப் படம் எடுத்து ஊரில் இருக்கும் தாத்தா பாட்டிக்கு அனுப்ப வேண்டும் என்று ஆசை. கையில் விலை உயர்ந்த செல்போன். முப்பது படமாவது எடுத்திருப்பார். ஒன்றில் முதுகு, ஒன்றில் வெறும் பந்து, மிச்சத்தில் எல்லாம் தரையில் பத்திரமாக வந்து இறங்கிவிட்ட பையன்.

"இவன் குதிக்கறப்ப கரெக்டாத்தான் சார் அமுக்கறேன். ஆனா இறங்கினப்புறம்தான் படம் விழுது!" என்றார் பரிதாபமாக.

விளையாட்டுப் புகைப்படக்காரர்கள் காலம் காலமாக மோதிக்கொண்டிருக்கும் சுவரில்தான் அவரும் போய் முட்டியிருந்தார்.

கிரிக்கெட்டை எடுத்துக்கொள்ளுங்கள். புகைப்படக்காரர் எல்லைக்கோட்டுக்கு வெளியே நாற்காலி போட்டு உட்கார்ந்திருப்பார். பீரங்கி சைஸில் லென்ஸ். பந்து எங்கிருந்து வரும், எங்கே அடிக்கப்படும் என்பது ஓரளவு தெரியும். ஒரு பந்துக்கும் அடுத்த பந்துக்கும் நடுவில் தண்ணீர் குடிக்கலாம், கொட்டாவி விடலாம். கூடைப்பந்தில் அதெல்லாம் நடக்காது. 94 அடி நீளம், 50 அடி அகலம். அதற்குள் ஆறரை அடி ஆசாமிகள் பத்துப் பேர். பந்து கையில் கிடைத்தால் 24 விநாடிக்குள் எறிந்தாக வேண்டும். புகைப்படக்காரர் கூடைக்குக் கீழே, கோட்டுக்கு வெளியே சம்மணம் போட்டு உட்கார்ந்திருப்பார். சமயத்தில் நூறு கிலோ ஆள் பறந்து வந்து அவர் மடியிலேயே விழுவார். இத்தனைக்கும் மேல், ஆட்டம் நடப்பது கூரை போட்ட அரங்கில். வெளிச்சம் போதாது. அந்த நாள் ஃபிலிமுக்குச் சுத்தமாகப் போதாது.

இந்த விளையாட்டு நமக்கு ஒன்றும் அந்நியமில்லை என்பதையும் சொல்லிவிட வேண்டும். 1891 டிசம்பரில், அமெரிக்காவின் ஸ்பிரிங்ஃபீல்டில் உள்ள ஒய்.எம்.சி.ஏ. பயிற்சிப் பள்ளியில் ஜேம்ஸ் நைஸ்மித் என்கிற வாத்தியார், பீச் பழக்கூடைகளை மாட்டிவைத்து ஆரம்பித்த ஆட்டம் இது. அதே ஸ்பிரிங்ஃபீல்டில் படித்த ஹாரி குரோ பக் என்பவர்தான் 1920-ல் மெட்ராஸில் ஒய்.எம்.சி.ஏ. உடற்கல்விக் கல்லூரியை ஆரம்பித்தார். இன்று நந்தனத்தில் இருக்கிறதே, அதேதான். நம் ஊர்ப் பள்ளிகளுக்கு விளையாட்டு வாத்தியார்களைத் தலைமுறை தலைமுறையாக அனுப்பிய கல்லூரி. எங்கள் ஃபிளாட் கம்பம்கூட ஏதோ ஒரு வகையில் அந்தப் பழக்கூடையின் பேரன்தான்!

ஆச்சா? இனி படக் கதைக்கு வருவோம்.

1962, மார்ச் 2. பென்சில்வேனியா மாநிலத்தில் ஹெர்ஷி என்று ஒரு சின்ன ஊர். சாக்லேட்டுக்குப் பேர் போனது. அங்கே ஃபிலடெல்ஃபியா வாரியர்ஸ் அணிக்கும் நியூயார்க் நிக்ஸ் அணிக்கும் ஆட்டம். வந்திருந்த ரசிகர்கள் 4,124 பேர். டெலிவிஷன் காமிரா ஒன்றுகூட எட்டிப் பார்க்கவில்லை. அந்தக் காலத்தில் கூடைப்பந்துக்கு அவ்வளவுதான் மரியாதை.

அன்றைக்கு வாரியர்ஸ் அணியின் வில்ட் சேம்பர்லைன், ஏழடி ஒரு அங்குல உயரம், தனி ஒருவராக 100 புள்ளிகள் எடுத்தார். களத்திலிருந்து 36 முறை கூடையில் போட்டது 72. ஃப்ரீ த்ரோவில் 28. (நான் பி.காம். கூட்டிச் சரிபார்க்காமல் விடமாட்டேன்.) இன்று வரை என்.பி.ஏ.வில் யாரும் தொடாத சாதனை. ஆனால், ஆட்டத்தின் அசையும் படம் ஒரு அடிகூடக் கிடையாது!

நம்மிடம் இருப்பது பிரதானமாக ஒரே ஒரு படம். டிரெஸ்ஸிங் ரூமில் சேம்பர்லைன் உட்கார்ந்திருக்கிறார். கையில் ஒரு காகிதம். அதில் கையால் கிறுக்கிய '100'. எழுதிக்கொடுத்தவர் அணியின் பத்திரிகைத் தொடர்பாளர் ஹார்வி பொல்லாக். படம் எடுத்தவர் பால் வாத்திஸ்.

வாத்திஸ் அசோசியேட்டட் பிரஸ் நிறுவனத்தின் புகைப்படக்காரர். ஆனால் அன்றைக்கு அவருக்கு டூட்டி இல்லை. பிறந்தநாள் பரிசாக மகனை ஆட்டம் பார்க்கக் கூட்டிக்கொண்டு வந்திருந்தார். சேம்பர்லைன் விளாசுகிற வேகத்தைப் பார்த்ததும் எழுந்து ஓடினார், காரில் இருந்த காமிராவை எடுக்க. அவ்வளவுதான். டிக்கெட் வாங்கி வந்த ஒரு அப்பா பாதியில் எழுந்து ஓடியதால் அந்த ராத்திரிக்கு ஒரு முகம் கிடைத்தது. இதே வாத்திஸ், முந்தைய வருடம் கேம்ப் டேவிட்டில் கென்னடியும் ஐசனோவரும் தலை குனிந்து நடந்துபோவதைப் பின்னாலிருந்து எடுத்த படத்துக்காக, ஹெர்ஷி ஆட்டம் முடிந்த சில வாரங்களில் புலிட்சர் பரிசு வாங்கினார்.

சேம்பர்லைனைத் தெரிந்தவர்கள் கோடிப் பேர். வாத்திஸின் பெயர் நம்மில் எத்தனை பேருக்குத் தெரியும்? படத்துக்குக் கீழே, பொடி எழுத்தில், அசோசியேட்டட் பிரஸ் என்பதற்குப் பக்கத்தில் இருக்கிறது. கண்ணாடி போட்டுத் தேட வேண்டும்.

அந்தப் பொடி எழுத்துக்காகத்தான் இந்தக் கட்டுரையே.

அமெரிக்காவின் புரூக்ளினில் பிறந்தவர் ஆண்ட்ரூ பெர்ன்ஸ்டீன். மாசசூசெட்ஸ் பல்கலைக்கழகத்தில் கொஞ்சம் படித்துவிட்டு, புகைப்படம்தான் தொழில் என்று முடிவு செய்து கலிஃபோர்னியாவின் பாஸடினாவுக்கு வந்து ஆர்ட் சென்டர் கல்லூரியில் சேர்ந்தார். வயிற்றுப்பாட்டுக்கு எடுபிடி வேலை. 'ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட்' பத்திரிகையின் பெரிய புகைப்படக்காரர்கள் லாஸ் ஏஞ்சல்ஸுக்கு வரும்போது அவர்களுக்கு உதவியாளர். பெட்டி தூக்குவது, வயர் இழுப்பது, அரங்கத்தின் கூரையில் ஏறி விளக்கு கட்டுவது.

நம் ஊர்க் கல்யாண வீடியோக்களில் லைட் பிடித்துக்கொண்டு பின்னாலேயே ஓடுவார்களே, கிட்டத்தட்ட அந்த உத்தியோகம். யாரும் அவர்கள் பக்கம் திரும்பிக்கூடப் பார்க்க மாட்டார்கள். ஆனால், பெர்ன்ஸ்டீனுக்கு வாழ்க்கையைக் கொடுத்தது அந்த லைட்தான்.

எப்படி என்று பாருங்கள். இருட்டு அரங்கத்தில் பறக்கிற மனிதனை உறைய வைக்க வேண்டுமானால் காமிராவின் வேகம் மட்டும் போதாது. மின்னல் வேண்டும். அதனால், கூரைச் சட்டங்களில் ராட்சத ஃப்ளாஷ் விளக்குகளைக் கட்டி, அங்கிருந்து கீழே உட்கார்ந்திருக்கும் காமிரா வரை இணைப்புக் கொடுப்பார்கள். பட்டனை அமுக்கினால் மேலே மின்னல் வெட்டும். வெட்டிய நேரம் விநாடியில் ஆயிரத்தில் ஒரு பங்கு சொச்சம். அதற்குள் ஆள் அந்தரத்தில் அப்படியே நின்றுவிடுவார். வியர்வைத் துளிகூடத் தனித்தனியாகத் தெரியும்.

இதில் ஒரு சிக்கல் உண்டு. ஒரு தடவை மின்னியபின் அந்த விளக்கு மறுபடி மின்சாரத்தைக் குடித்துத் தயாராக நாலு விநாடி ஆகும்! கூடைப்பந்தில் நாலு விநாடி என்றால் பந்து இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்குப் போய்விடும். ஆகவே, விநாடிக்குப் பத்துப் பன்னிரண்டு படம் என்று சுட்டுத் தள்ளும் இன்றைய சமாச்சாரமெல்லாம் நடக்காது. ஒரு தாவல், ஒரு படம். அவசரப்பட்டு முன்னாலேயே அமுக்கிவிட்டால் உண்மையான தாவல் இருட்டில் போய்விடும். பெரிய நெகட்டிவ் வேண்டுமென்று ஹாஸல்பிளாட் காமிரா வைத்திருந்தால், ஒரு ரோலுக்கு 12 படம்தான். பன்னிரண்டு முடிந்ததும் மாற்ற வேண்டும். மாற்றுகிற நேரத்தில்தான் ஆட்டத்தின் மிகச் சிறந்த காட்சி நடக்கும். இது உலக நியதி.

நம் ஃபிளாட் அப்பாவின் பிரச்னைக்கும் இதுதான் பதில். குதித்ததைப் பார்த்துவிட்டு அமுக்கினால் காரியம் கெட்டது. பார்த்த காட்சி மூளைக்குப் போய், மூளை விரலுக்குச் சொல்லி, விரல் அமுக்குவதற்குள் பையன் இறங்கிவிடுவான். அவன் குதிக்கப்போகிறான் என்று முன்கூட்டியே தெரிய வேண்டும். எந்தத் தோளைச் சாய்ப்பான், எந்தக் காலை ஊன்றுவான் என்று மனசுக்குள் விளையாடிப் பார்த்திருக்க வேண்டும். அதற்கு ஒரே வழி, ஒரே ஆளை வருடக்கணக்கில் பார்ப்பது.

பெர்ன்ஸ்டீன் அதைத்தான் செய்தார். 1983-ல் லாஸ் ஏஞ்சல்ஸ் ஃபோரம் அரங்கில் நடந்த ஆல் ஸ்டார் ஆட்டம்தான் என்.பி.ஏ.வுக்காக அவர் எடுத்த முதல் ஆட்டம். அந்த அரங்கத்தின் கூரையும் விளக்கும் அவருக்கு அத்துப்படி. அதற்கப்புறம் லேக்கர்ஸ் அணியின் ஆஸ்தான புகைப்படக்காரர். மேஜிக் ஜான்சன், கரீம் அப்துல் ஜபார் எல்லாம் உச்சத்தில் இருந்த காலம். கையில் ஒரு காமிரா, கூடைக்குப் பின்னால் கண்ணாடிப் பலகையில் ஒன்று, தரையில் ஒன்று, கூரையில் ஒன்று என்று வைத்து, அத்தனையையும் ஒரே மின்னலில் இயக்குகிற முறையை மெருகேற்றியவர்களில் முக்கியமானவர் அவர். பலகைக்குப் பின்னால் காமிராவை ஒளித்து வைக்கிற தந்திரம் அவருக்கு முந்தியது. ஜான் ஸிம்மர்மேன் போன்ற 'ஸ்போர்ட்ஸ் இல்லஸ்ட்ரேட்டட்' ஆசாமிகள் தூரத்திலிருந்து இயக்கும் காமிராக்களை முன்னமே மூலை முடுக்கெல்லாம் பொருத்திப் பார்த்தவர்கள். பெர்ன்ஸ்டீன் அதை அன்றாட வேலையாக்கினார்.

1986-ல் இன்னொரு காரியம் நடந்தது. வெளியிலிருந்து பார்த்தால் சாதாரண ஆபீஸ் சமாச்சாரம். என்.பி.ஏ. தனக்கென்று சொந்தமாக ஒரு புகைப்படப் பிரிவைத் தொடங்கியது. அதை உருவாக்கியதில் பெர்ன்ஸ்டீனுக்குப் பெரிய பங்கு. அதுவரை படங்கள் ஆளாளுக்குச் சிதறிக் கிடந்தன. இனிமேல் ஆட்டத்தின் படங்கள் சங்கத்தின் பெட்டகத்தில். போஸ்டர், காலண்டர், அட்டை, புத்தகம் எல்லாவற்றுக்கும் அங்கிருந்துதான் போகும்.

இது எவ்வளவு பெரிய விஷயம் என்று புரிய, இன்னொரு புகைப்படக்காரரின் கதையைக் கேட்க வேண்டும். வயிறு எரியும்.

அவர் பெயர் கோ ரென்ட்மீஸ்டர். ஹாலந்துக்காரர். 1960 ரோம் ஒலிம்பிக்ஸில் படகு வலித்தவர். பிறகு அமெரிக்கா வந்து 'லைஃப்' பத்திரிகைக்காக வியட்நாம் போரைப் படம் எடுத்தார். பீரங்கி வண்டிக்குள் உட்கார்ந்து துளை வழியே உற்றுப் பார்க்கும் சிப்பாயின் முகம், அவர் எடுத்தது. 1967-ன் உலகப் பத்திரிகைப் புகைப்பட விருதை வாங்கிய படம். அந்த விருதை வென்ற முதல் வண்ணப்படம் அதுதான்.

1984-ல் ஒலிம்பிக் சிறப்பிதழுக்காக 'லைஃப்' அவரை வட கரோலினா பல்கலைக்கழகத்துக்கு அனுப்பியது. அங்கே மைக்கேல் ஜோர்டான் என்று ஒரு மாணவர். அரங்கம் வேண்டாம் என்று முடிவு செய்த ரென்ட்மீஸ்டர், புல்வெளி மேட்டில் ஒரு கூடைக் கம்பத்தை நட்டார். பாலே நடனக்காரர்கள் போலக் கால்களை இரண்டு பக்கமும் விரித்து, இடது கையில் பந்தோடு தாவச் சொன்னார். ஜோர்டான் வலது கைக்காரர். இப்படித் தாவுகிற வழக்கமும் அவருக்கில்லை. சொல்லிக்கொடுத்து, பழக்கி எடுத்த படம்.

நைக்கி கம்பெனி 150 டாலர் கொடுத்து அந்தப் படத்தின் பிரதியைத் தற்காலிகமாக வாங்கிப் பார்த்தது. அன்றைய மதிப்பில் ஆயிரத்து எழுநூறு ரூபாய் சொச்சம். பிறகு அதே மாதிரித் தாவலை, சிகாகோ நகரக் கட்டடங்களைப் பின்னணியில் வைத்து வேறு ஆளை விட்டு எடுத்துக்கொண்டது. ரென்ட்மீஸ்டர் சண்டைக்குப் போனார். 1985-ல் 15,000 டாலர் கொடுத்து இரண்டு வருட அனுமதி வாங்கினார்கள். இரண்டு வருடம் முடிந்தது. படம் மட்டும் முடியவில்லை. அது கறுப்பு நிழலுருவமாகி, ஷூவிலும் சட்டையிலும் ஏறி உட்கார்ந்துகொண்டது. ஆமாம், உங்கள் பையன் கேட்டு அடம்பிடிக்கிற ஜோர்டான் ஷூவில் இருக்கிற அந்தத் தாவும் மனிதன்தான். இன்று அந்தப் பெயரில் நடக்கும் வியாபாரம் வருடத்துக்குப் பல நூறு கோடி டாலர்.

2015-ல் ரென்ட்மீஸ்டர் வழக்குப் போட்டார். தோற்றார். 2018-ல் மேல்முறையீட்டிலும் தோற்றார். 2019-ல் உச்ச நீதிமன்றம் விசாரிக்கவே மறுத்துவிட்டது. ஒரு தாவலின் பாணிக்கு யாரும் பட்டா போட முடியாது, ரென்ட்மீஸ்டரின் படமும் நைக்கியின் படமும் விவரங்களில் வேறு வேறு என்பது நீதிபதிகளின் வாதம். சட்டப்படி சரியாகவே இருக்கலாம். ஆனால், அந்தப் புல்வெளி மேட்டில் ஜோர்டானுக்குக் காலை விரிக்கச் சொல்லிக்கொடுத்தது யார் என்று கேட்டால் பதில் ஒன்றுதானே?

ரென்ட்மீஸ்டர் தனி ஆள். பெர்ன்ஸ்டீன் சங்கத்து ஆள். பெர்ன்ஸ்டீன் எடுத்த படங்களின் உரிமை என்.பி.ஏ.வுக்கு. ஆனால், ஒவ்வொரு படத்தின் கீழும் அவர் பெயர் இருக்கும். லாபமா நஷ்டமா? சம்பளம் நிச்சயம், பெயர் நிச்சயம், பெட்டகம் அடுத்தவருடையது. என் கணக்குப் புத்தி இதை இரண்டு பக்கமும் எழுதிப் பார்த்துவிட்டு, 'லாபம்தான், ஆனால் மனசு கேட்கவில்லை' என்கிறது.

அவர் எடுத்த படங்களில் எனக்கு மிகவும் பிடித்ததில் பந்தே கிடையாது. 1991 ஜூன் 12. சிகாகோ புல்ஸ், லேக்கர்ஸை அவர்கள் ஊரிலேயே வீழ்த்தி முதல் கோப்பையை எடுத்தது. ஜோர்டான் ஏழு வருடம் காத்திருந்து அடைந்த கோப்பை. டிரெஸ்ஸிங் ரூமில் ஷாம்பெய்ன் மழை, கூச்சல், நெரிசல். ஜோர்டான் மட்டும் ஓரமாக உட்கார்ந்து கோப்பையைக் கட்டிக்கொண்டு, நெற்றியை அதன் மேல் வைத்து அழுதுகொண்டிருக்கிறார். பக்கத்தில் அவருடைய அப்பா ஜேம்ஸ். பெர்ன்ஸ்டீன் அமுக்கினார். இரண்டு வருடம் கழித்து, 1993-ல், அந்த அப்பா கொலை செய்யப்பட்டார். இந்தச் சேதி தெரிந்தபின் மறுபடி அந்தப் படத்தைப் பாருங்கள். கோப்பை கண்ணில் படாது.

லேக்கர்ஸ் அணியின் புகைப்படக்காரர், எதிரணி அறைக்குள் எப்படிப் போனார்? அங்கேதான் அந்தச் சங்கத்து அடையாள அட்டை வேலை செய்தது. அடுத்த வருடம் பார்சிலோனா ஒலிம்பிக்ஸில் 'கனவு அணி'யோடு போனவரும் அவர்தான்.

1996. லேக்கர்ஸ் அணிக்குப் புதிதாக ஒரு பையன் வருகிறான். பள்ளிக்கூடம் முடித்து நேரே என்.பி.ஏ.வுக்கு வந்தவன். வயது 18. பெயர் கோபி பிரையன்ட். பருவத் தொடக்கத்தில் வீரர்களை நிற்க வைத்து எடுக்கும் படத்துக்காக வந்து நின்றான். பெர்ன்ஸ்டீன் மரியாதைக்குத் தன் பெயரைச் சொல்லிக் கை நீட்டினார். பையன், உங்களை எனக்குத் தெரியுமே என்றான்! எப்படி? அவன் அறைச் சுவர் முழுக்க போஸ்டர்கள். மற்ற பிள்ளைகள் ஜோர்டானையும் மேஜிக்கையும் பார்த்துவிட்டு நகர்ந்துவிடுவார்கள். இவன் கீழே இருந்த பொடி எழுத்தையும் படித்திருக்கிறான்.

பெர்ன்ஸ்டீன் ஆடிப்போனார். பின்னே? பதிமூன்று வருட உத்தியோகத்தில் அந்த எழுத்தைப் படித்ததாகச் சொன்ன ஆட்டக்காரர்கள் எத்தனை பேர் இருந்திருப்பார்கள்?

அடுத்த 20 பருவங்கள் ஒருவர் ஆட, ஒருவர் எடுக்க. ஒரே அணி, ஒரே வளையம். கோபி எந்தத் தோளைச் சாய்ப்பார் என்பது அந்த விரலுக்குத் தெரிந்துபோனது. ஆனால், அவர்கள் இருவருக்கும் நடுவே இருந்தது என்ன என்று காட்டுகிற படம் 2010-ல் எடுக்கப்பட்டது. நியூயார்க் மேடிசன் ஸ்கொயர் கார்டன் அரங்கின் விருந்தினர் அறை. கோபி தனியாக உட்கார்ந்திருக்கிறார். இரண்டு காலும் ஐஸ் வாளிக்குள். எலும்பு விட்டுப்போயிருந்த விரல் ஒரு ஐஸ் குவளைக்குள். தலை குனிந்திருக்கிறது. கறுப்பு வெள்ளைப் படம். அந்தரத்தில் பறக்கிற ஆயிரம் படங்களுக்குப் பின்னால் இருக்கிற செலவுக் கணக்கு அந்த வாளியில் இருக்கிறது. அவ்வளவு வலியோடு இருக்கிற ஒரு மனிதன், அறைக்குள் இன்னொருவரை காமிராவோடு நிற்க விட வேண்டுமானால், அந்த இன்னொருவர் எத்தனை வருடம் வாயை மூடிக்கொண்டு ஓரமாக நின்றிருக்க வேண்டும்!

2016 ஏப்ரல் 13, கோபியின் கடைசி ஆட்டம். 60 புள்ளி. பெர்ன்ஸ்டீன் வழக்கம்போல் தரையில் உட்கார்ந்திருந்தார். 2018-ல் கூடைப்பந்து ஹால் ஆஃப் ஃபேம், பத்திரிகைத் துறையினருக்குத் தரும் கர்ட் கௌடி விருதை அவருக்குக் கொடுத்தது. அதே வருடம் கோபி ஒரு புத்தகம் எழுதினார். 'தி மாம்பா மென்டாலிட்டி'. படங்கள் முழுக்க பெர்ன்ஸ்டீன். தன் ஆட்டத்தின் நுணுக்கங்களை விளக்குவதற்கு கோபிக்கு அந்தப் படங்கள் தேவைப்பட்டன. இந்தக் கை ஏன் இங்கே, இந்தக் கால் ஏன் அப்படி என்று, எடுத்தவர் உறைய வைத்ததை ஆடியவர் பிரித்துச் சொல்கிறார். புத்தகத்தின் அட்டையிலேயே இருக்கிறது புகைப்படக்காரரின் பெயர்.

2020 ஜனவரி 26. லாஸ் ஏஞ்சல்ஸ் அருகே கலபாஸஸ் மலைச்சரிவில் ஹெலிகாப்டர் விழுந்தது. கோபி, 13 வயது மகள் ஜியானா உட்பட ஒன்பது பேர் இறந்துபோனார்கள். உலகம் முழுக்கப் பத்திரிகைகள் கோபியின் படத்தைத் தேடின. எங்கே தேடினாலும் அந்தப் பெயர் கீழே இருந்தது.

இதையெல்லாம் அந்த ஞாயிற்றுக்கிழமை ராத்திரி நம் ஃபிளாட் அப்பாவுக்குச் சொல்லிக்கொண்டிருந்தேன். பையன் நடுவில் எழுந்து உள்ளே ஓடினான். "அங்கிள், என் ரூம்ல கோபி போஸ்டர் இருக்கு, வாங்க!"

போனேன். சுவரில் ஆளுயரத்துக்கு கோபி. மஞ்சள் சட்டை, கை வளையத்துக்கு மேலே, வியர்வை தனித்தனியாகத் தெரிகிறது. பையன் குனிந்து, விரலை வைத்துக் கீழ் ஓரத்தைத் தேடினான். நானும் கண்ணாடியை மாட்டிக்கொண்டு குனிந்தேன்.

பெயர் இருக்க வேண்டிய இடத்தில் ஃபிளெக்ஸ் பிரின்ட் போட்ட கடையின் செல் நம்பர் இருந்தது.